வேலைக்காடு: கேமரன் மலையில் ஓர் எல்லைப்புறத்தின் ஏற்றமும் தாழ்வும்

மலேசியத் தோட்டத் தமிழில் 'வேலைக்காடு' என்றொரு சொல் வழங்குகிறது. வேலை செய்யும் இடம் என்பதே அதன் பொருள். 'காட்டுக்குப் போயிருக்கிறார்' என்றால் வேலைக்குப் போயிருக்கிறார் என்றே தோட்டத்தார் பொருள் கொள்வர். தமிழகத்தின் கொங்குப் பகுதியிலும் பிற வறண்ட பகுதிகளிலும் புன்செய் நிலத்தைக் காடு என்பது வழக்கு. ஆகவே இச்சொல் கப்பலேறி வந்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் தமிழகத்தில் ஒருவன் 'என் காடு' என்று சொல்லக்கூடும். தோட்டத்தில் அது 'வேலைக்காடு' ஆயிற்று. மரம் விழுந்து, செடி நிரைநிரையாக நின்று, சாலையும் ஆலையும் வந்து, மூன்று தலைமுறை கடந்த பின்னரும் அந்த முன்னொட்டு மாறவில்லை. இந்த ஒரு சொல்லைக் கையில் பிடித்துக்கொண்டே கேமரன் மலையின் வரலாற்றை இக்கட்டுரையில் அணுக விரும்புகிறோம்.

பேராக் மாநிலத்தின் தாப்பாவிலிருந்து மலையேறும் சாலையில் ஏறத்தாழ 45 கிலோமீட்டர் சென்றால், பகாங் மாநில எல்லைக்குள் முதலில் எதிர்ப்படும் ஊர் ரிங்லெட். மாவட்டத்தின் மூன்று முக்கிம்களில் ஒன்று அதன் பெயரையே தாங்கியுள்ளது. மற்றவை தானா ராத்தாவும் உலு தெலோமும். ரிங்லெட்டையும் அதையடுத்த ஹாபுவையும் சூழ்ந்த சரிவுகளில்தான் மலேசியத் தேயிலையின் பெருந்தோட்ட வரலாறு வேரூன்றியது. அவ்வரலாறு ஓர் எல்லைப்புறத்தின் வரலாறு என்பது எம் கருத்து.

'எல்லைப்புறம்' என்பதை விளக்குதல் வேண்டும். ஐரோப்பாவில் அது இரு நாடுகளைப் பிரிக்கும் கோடு. அமெரிக்காவிலோ அது நகர்ந்துகொண்டே செல்லும் விளிம்பு. குடியேறியவர்களின் கோடரி எட்டிய கடைசி இடம். அங்கு 1890 ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, இனி அப்படியொரு விளிம்பைக் கோடிட்டுக் காட்ட இயலாது என அறிவித்தது. மூன்றாண்டுகள் கழித்து, 1893 ஜூலையில், சிகாகோ நகரில் பிரடெரிக் ஜாக்சன் டர்னர் என்னும் இளம் வரலாற்றாசிரியர் ஒரு கட்டுரை படித்தார். அமெரிக்கரின் ஊக்கமும் மக்களாட்சி மனமும் அந்த விளிம்பில் உருவானவை என்றும், விளிம்பு மறைந்ததோடு அந்நாட்டு வரலாற்றின் முதற்பகுதி முடிந்தது என்றும் அவர் வாதிட்டார். அவர் கூற்றைப் பின்வந்தோர் பலவாறு மறுத்துள்ளனர். அந்நிலம் வெற்றிடமாக இருந்ததில்லை என்பது மறுப்புகளுள் தலையாயது. 1890 டிசம்பரில் ஊண்டட் நீ என்னுமிடத்தில் ஏழாம் குதிரைப்படை லகோட்டாப் பழங்குடியினரைப் பெண்டிர், பிள்ளைகள் என்று பாராமல் கொன்றதையும் சேர்த்துத்தான் அந்த 'மறைவை' எழுத வேண்டும்.

நம் மரபில் எல்லைப்புறம் புதிதன்று. கரிகாலன் காடழித்து நாடாக்கியதையும் குளம் தோண்டியதையும் பட்டினப்பாலை போற்றுகிறது. கடல்வழி வந்திறங்கிய குதிரைகளையும் அதுவே கூறுகிறது. பல்லவர்க்குக் 'காடுவெட்டி' என்பதொரு சிறப்புப்பெயர். குதிரையின் வீரத்தைப் பாடுவதற்கென்றே குதிரைமறம் என ஒரு புறத்துறை உண்டு. நிரைகவர்தலிலும் நிரைமீட்டலிலும் விழுந்தவனுக்கு நடுகல் எழுந்தது. செங்கம் பகுதியில் அத்தகைய கற்கள் பல இன்றும் கிடைக்கின்றன. ஊரின் எல்லையில் அய்யனார் குதிரையோடு நிற்கிறார். படைக்குதிரை மறைந்து நெடுங்காலம் ஆன பின்னும் மண்குதிரை எல்லையை விட்டு நீங்கவில்லை. இந்த மரபைச் சுமந்து வந்த மக்கள்தாம் பகாங் மலையில் காடு வெட்டினார்கள். ஆனால் காடுவெட்டி என்னும் பெயர் அவர்களில் எவருக்கும் கிடைக்கவில்லை.

மலை வெளியுலகுக்குத் தெரியவந்த கதை சுருக்கமானது. 1885 இல் நிலஅளவையாளர் வில்லியம் கேமரன் மலைமீது ஒரு சமதளம் கண்டதாகக் குறித்தார். அதன் இடத்தை வரைபடத்தில் தெளிவுறக் காட்டவில்லை. நாற்பதாண்டு கழித்து, 1925 இல், சர் ஜார்ஜ் மேக்ஸ்வெல் மலையேறி வந்து, அதைக் கோடைவாழிடமாக வளர்க்கலாம் எனப் பரிந்துரைத்தார். 1926 இல் தொடங்கிய தாப்பா சாலை 1931 இல் தானா ராத்தாவை எட்டியது. இதற்கிடையில் 1929 இல் ஜே. ஏ. ரஸ்ஸல், இலங்கையில் தேயிலை வளர்த்துத் தேர்ந்த ஏ. பி. மில்ன் என்பவரைத் துணைகொண்டு போ தோட்டத்தை நிறுவினார். 1933 இல் ஷுப்பர்ஷாட் பன்சால் அகர்வால் என்பார் பாரத் தேயிலையைத் தொடங்கினார். வடக்கே புளூ வேலி போன்ற தோட்டங்களும் எழுந்தன.

சாலை முடியாத அத்தொடக்க நாள்களில் அங்கிருந்தவை கோடரி, சங்குல் எனப்படும் மண்வெட்டி, ஒரு நீராவி உருளை, சில கோவேறு கழுதைகள் ஆகியவையே. அமெரிக்க எல்லைப்புறத்தின் சித்திரத்தில் குதிரைவீரன் நடுநாயகமாக இருக்கிறான். இந்த மலையின் குதிரைப்படை கோவேறு கழுதைதான். அது ஏற முடியாத இடத்திற்கு மனித முதுகு ஏறியது. செமாய், தெமியார் மக்கள் இம்மலைகளில் எப்போதும் வாழ்ந்துவந்தனர் என்பதையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும். 'ஆளில்லாக் காடு' என்று எழுதும் பழக்கம் நம் தமிழ்க் கட்டுரைகளிலும் உண்டு. அது டர்னர் செய்த பிழையின் தமிழாக்கமே.

இனி மொழிக்கு வருவோம். எமக்கு மிகவும் பழகிய நிலம் அதுவே. தோட்டத் தமிழின் சொற்களை அடுக்கிப் பார்த்தால், ஒரு வேளாண்குடியின் சொற்கோவையைவிட ஒரு படைமுகாமின் சொற்கோவைதான் கண்ணில் படுகிறது. விடியற்காலையில் ஆள்களை நிறுத்திப் பெயர் கூப்பிடும் நிகழ்ச்சி 'பெரட்டு'. படையணிவகுப்பைக் குறிக்கும் 'பரேடு' என்னும் ஆங்கிலச் சொல்லின் திரிபு அது. இலங்கை மலையகத்திலும் மலாயாவிலும் அது ஒரே வடிவில் வழங்கியது. தொழிலாளர் குடியிருப்பு 'லயம்' அல்லது 'லயன்'. வரிசையாகக் கட்டிய சிப்பாய்க் குடியிருப்புகளைப் பிரிட்டிஷ் இந்தியப் படையில் 'லைன்ஸ்' என்றனர். அதே பெயர் தோட்டத்திற்கும் வந்தது. தமிழ்ச்செவி அதைக் குதிரை கட்டும் 'லாயம்' என்பதோடு ஒட்டிக் கேட்டது. 'லாயத்திலிருந்து வந்ததே லயம்' என்று இன்றும் சிலர் கூறுவர். ஒலியியல் நோக்கில் 'லைன்' என்பதிலிருந்து வந்தது என்பதே பொருத்தம். ஆயினும் அப்பிழையான சொல்மூலத்தை நாம் எளிதில் தள்ளிவிட மாட்டோம். தாம் வாழும் வீட்டைக் கேட்டவுடன் குதிரைக் கொட்டில் நினைவுக்கு வருகிறதென்றால், சொல்லாய்வு தவறிய இடத்தில் அனுபவம் சரியாகவே பேசியிருக்கிறது.

அதிகாரப் படிநிலையும் அவ்வாறே. மேலே 'துரை', அவர்க்குக் கீழே கணக்கு எழுதும் 'கிராணி', அவரைப் போலவே மலாயிலும் வழங்கும் பெயரோடு, பிறகு 'தண்டல்', 'மண்டோர்'. ஆள்சேர்த்து வந்தவர் 'கங்காணி'. கண்காணி என்னும் நற்றமிழ்ச் சொல் கப்பலேறி, ஆங்கில ஏடுகளில் நுழைந்து, ஒரு முறைமைக்கே பெயராயிற்று. 'கூலி' என்பதன் கதை இன்னும் கசப்பானது. உலகெங்கும் வழங்கும் அச்சொல்லின் மூலம் தமிழா, குசராத்தி இனப்பெயரா என்பதில் அறிஞரிடையே இருவேறு கருத்துகள் உள்ளன. எதுவாயினும், தமிழில் உழைப்புக்குரிய ஊதியத்தைச் சுட்டியது, ஆங்கிலத்தில் உழைக்கும் ஆளையே சுட்டியது.

இந்தச் சொற்கோவையில் இல்லாதவற்றையும் நோக்குக. கொழுந்து, நிரை, கவ்வாத்து என வேலையின் நுட்பங்களுக்குச் சொற்கள் உள்ளன. பட்டா, கிரயம், பங்கு, பாகப்பிரிவினை என நிலவுடைமைக்குரிய சொற்களோ இங்கு வாயில் புழங்க வாய்ப்பே இல்லாது தேய்ந்தன. தஞ்சையிலும் திருச்சியிலும் சேலத்திலும் நிலமற்றோராய் இருந்தோர்கூட அச்சொற்களை நாள்தோறும் கேட்டே வளர்ந்தனர். பிறர் வரப்பில் நின்றாலும் வரப்பு என்ற கருத்து அவர்களுக்கு இருந்தது. தேயிலைச் சரிவில் வரப்புக்கு இடமில்லை.

இக்குறையோடும் அச்சமுதாயம் வலிமை பெற்றது என்பதை மறுக்கலாகாது. 1907 இல் அமைந்த இந்தியக் குடியேற்றக் குழு தோட்டமுதலாளிகளிடம் வரி பெற்று, தொழிலாளர் கடன்படாமல் வர வழி செய்தது. ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் இருந்த முகாம்களில் தங்கி, கப்பலேறிப் பினாங்கில் இறங்கினர். 1910 இல் ஒப்பந்தமுறை ஒழிந்திருந்தமையால், கேமரன் மலைக்கு வந்தோர் கங்காணி முறையில் அல்லது தாமாகவே வந்தோர். தனியாளாக வருதல் குறைந்து குடும்பமாக வாழ்தல் பெருகிற்று. தேயிலை கொழுந்தெடுப்புக்குப் பெண்களை வேண்டியது அதற்கொரு காரணம். 1923 ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம், ஏழு முதல் பதினான்கு வயதுக்குட்பட்ட பத்துப் பிள்ளைகள் இருப்பின் தோட்டம் பள்ளி நடத்த வேண்டுமென்றது. அப்பள்ளி பல இடங்களில் ஒரு கொட்டகை. ஆசிரியர் சில இடங்களில் எழுதப் படிக்கத் தெரிந்த ஒரு கங்காணி. ஆயினும் அந்தக் கொட்டகை இல்லாதிருந்தால் இன்று இம்மலையில் தமிழ் எழுத்து இல்லை. மாரியம்மனும் முனியாண்டியும் வந்தார்கள். முனியாண்டி ஊரில் இருந்ததுபோலவே இங்கும் எல்லையில் இடம் பெற்றார்.

திடலையும் குறிப்பிட வேண்டும். தோட்டந்தோறும் ஒரு பந்துத் திடல் இருந்தது. ஞாயிறு மாலையில் டிவிஷனுக்கு டிவிஷன் ஆட்டம் நடக்கும். பெரட்டில் எண்ணாக நின்றவன் அங்கே பெயர் பெற்றான். அமெரிக்கக் கறுப்பினத்தார்க்கு 1947 இல் ஜாக்கி ராபின்சன் வழியாகப் பேஸ்பால் திடல் திறந்த கதையை மாணவர்கள் படித்திருக்கக்கூடும். நிலத்தில் பங்கு கிடைக்காதவர்கள் திடல்வழியே நாட்டுக்குள் நுழைவது பல நாடுகளில் நடந்துள்ளது. 1972 மியூனிக் ஒலிம்பிக்கில் மலேசியக் காற்பந்து அணிக்குத் தலைமை தாங்கியவர் எம். சந்திரன், அவ்வணி அமெரிக்காவை மூன்றுக்குச் சுழியம் என வென்றது. 'ஸ்பைடர்மேன்' எனப் புகழ்பெற்ற வலைகாப்பாளர் ஆர். ஆறுமுகத்தின் பெயரை எம் தலைமுறையினர் எவரும் மறவார். தோட்டங்கள் கலைந்தபோது தோட்டத்துக் குழுக்களும் கலைந்தன. தேசிய அணியில் தமிழ்ப்பெயர்கள் அருகியதற்குப் பல காரணங்கள் இருக்கலாம். இதுவும் ஒன்று என எண்ணுகிறோம்.

தாழ்வு ஒரே நாளில் வரவில்லை. 1930 இன் உலகப் பொருளாதார மந்தத்தில் கூலி குறைந்தது. மலாயாவிலிருந்து பல பத்தாயிரவர் தமிழகத்துக்குத் திருப்பியனுப்பப்பட்டனர். எல்லைப்புறத்து ஆள் தேவைப்படும்போது அழைக்கப்படுவான், தேவை தீர்ந்தால் கப்பலேற்றப்படுவான் என்பது அப்போதே தெரிந்துவிட்டது. 1938 இல் இந்திய அரசு, உதவிபெற்றுச் செல்லும் குடியேற்றத்தைத் தடை செய்தது.

பின் போர் வந்தது. 1942 ஜனவரி 7 அன்று, தாப்பாவுக்குத் தெற்கே சிலிம் ரிவரில் ஜப்பானியக் கவசவண்டிகள் இந்திய, பிரிட்டிஷ் படையணிகளை ஒரே காலையில் சிதறடித்தன. அவற்றின் பின்னால் வந்த காலாட்படையில் பெரும்பகுதி மிதிவண்டியில் வந்தது. ஒன்பது நாள் கழித்து, பிலிப்பைன்சின் பட்டான் தீவக்குறையில் அமெரிக்கப் படையின் 26 ஆம் குதிரைப்படை மொரோங் என்னும் ஊரில் குதிரைமேல் பாய்ந்து தாக்கியது. அமெரிக்க வரலாற்றில் அத்தகைய தாக்குதல் அதுவே கடைசி. முற்றுகையில் உணவு தீர்ந்தபோது அக்குதிரைகள் கொன்று உண்ணப்பட்டன. எல்லைப்புறத்தின் பெருமிதச் சின்னம் உணவாய் முடிந்தது. மலாயாத் தோட்டத்து மக்களின் நிலை அதனினும் கொடியது. சயாம் – பர்மா இரயில்பாதையின் 415 கிலோமீட்டர் தொலைவுக்குத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் ஆயிரமாயிரமாகக் கொண்டு செல்லப்பட்டனர். அவர்களில் பல்லாயிரவர் திரும்பவில்லை. நடுகல் மரபுடைய இனத்தின் அந்த மாண்டோர்க்குப் பெயர் பொறித்த கல் வாய்க்கவில்லை. கிழவிகளின் ஒப்பாரியில்தான் பெயர்கள் சிலகாலம் தங்கின.

போருக்குப் பின் 1948 முதல் 1960 வரை அவசரகாலம். மலைக்காடு மீண்டும் போர்முனையாயிற்று. விடுதலைக்குப் பின் குடியுரிமை ஒரு பெருங்கேள்வியாக நின்றது. 1969 ஐ ஒட்டி வேலை அனுமதி கட்டாயமானபோது, குடியுரிமைச் சான்று பெறாதிருந்த ஏறத்தாழ 60,000 இந்தியர் நாடு நீங்கினர் என்பர். கண்டிச் சீமையில் 1948 ஆம் ஆண்டுச் சட்டமும் 1964 ஆம் ஆண்டு சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தமும் செய்ததை இங்கு ஒரு சிவப்பு அடையாள அட்டை செய்தது.

இவ்விடத்தில்தான் நிலத்தைப் பற்றிய எம் வாதத்தை வைக்கிறோம். அமெரிக்க எல்லைப்புறத்தின் வலிமை குதிரையிலோ துப்பாக்கியிலோ இருந்ததாக நாம் கருதவில்லை. 1862 ஆம் ஆண்டின் குடிநிலச் சட்டம், ஐந்தாண்டு தங்கி உழுதவர்க்கு 160 ஏக்கர் நிலத்தை உரிமையாக்கியது. பிறர் நிலத்தைப் பறித்து வழங்கிய ஈகை அது. ஆயினும் பெற்றவனின் பேரன் அந்நிலத்தை விற்றுப் படிக்க முடிந்தது. அதே நாட்டில் 1869 இல் முடிந்த கண்டந்தழுவிய இரயில்பாதைக்கு மலை குடைந்த சீனர்களுக்கு நிலம் கிடைக்கவில்லை. 1882 இல் அவர்கள் இனத்தார் நுழைவதற்கே தடை வந்தது. கேமரன் மலைத் தமிழன் டர்னரின் உழவனோடு வைத்து எண்ணத்தக்கவன் அல்லன். அச்சீனனோடு வைத்து எண்ணத்தக்கவன். காடு வெட்டியவனின் பேரனுக்கு லயத்து வீடுகூட வேலையோடு ஒட்டியது. ஐம்பத்தைந்தில் ஓய்வு என்றிருந்த காலத்தில், அறுபதாண்டு வாழ்ந்த குடும்பம் வீடு தேட வேண்டியிருந்தது.

இதை முன்னுணர்ந்த தலைவர் ஒருவர் இருந்தார். ஐம்பதுகளின் இறுதியில் ஐரோப்பியர் தோட்டங்களைத் துண்டாடி விற்கத் தொடங்கியபோது, துன் வீ. தி. சம்பந்தன் ரப்பர்த் தோட்டங்கள்தோறும் நடந்து, தொழிலாளர்களிடம் பத்துப் பத்து வெள்ளியாகத் திரட்டி, 1960 இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தை அமைத்தார். கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டம் அதன் தொடக்கக் கொள்முதல்களுள் ஒன்று. மலாயாத் தமிழர் வரலாற்றில் இதனினும் பெரிய சிந்தனை எழுந்ததில்லை என்பது எம் துணிபு. மேடைகளில் நாம் போற்றும் பல முழக்கங்களைவிட அந்தப் பத்து வெள்ளிப் பற்றுச்சீட்டு ஆழமான தமிழ்ப்பணி.

அடுத்த மாற்றம் கையிலிருந்து வந்தது. இரு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளிய விரல்களுக்குப் பதிலாகக் கத்தரி வந்தது. பிறகு இருவர் பிடித்துச் செல்லும் இயந்திரம் வந்தது. குறைந்த கைகள் போதுமாயின. அக்கைகளும் வங்காளதேசம், நேப்பாளம், இந்தோனேசியா முதலிய நாடுகளிலிருந்து வந்தன. 2013 இல் தீபகற்பத்தில் குறைந்தபட்ச ஊதியம் 900 ரிங்கிட் எனச் சட்டமானபோது, மலையில் பிறந்த இளைஞர் பலர் ஏற்கெனவே ஈப்போவிலும் கோலாலம்பூரிலும் இருந்தனர். அவர்கள் போனதைக் குறைகூற எமக்கு உரிமையில்லை. லயத்தை விட்டு நீங்குவதற்காகவே பெற்றோர் அவர்களைப் படிக்கவைத்தனர். 1957 இல் நாட்டில் 888 தமிழ்ப்பள்ளிகள் இருந்தன. இன்று ஏறத்தாழ 530 உள்ளன. தோட்டம் கலைந்தால் பள்ளியும் மாணவரை இழக்கிறது. தோட்டப் பெயரைத் தாங்கிய பள்ளிகளுக்குத் தோட்டத்திலிருந்து வரும் பிள்ளைகள் குறைந்துவருவதை ஆசிரியர்களாகிய நீங்கள் எம்மினும் நன்கு அறிவீர்கள்.

மலையும் களைத்துவிட்டது. 1963 இல் முடிந்த சுல்தான் அபு பாக்கார் அணையின் ரிங்லெட் ஏரியில், மேலே வெட்டித் திறந்த சரிவுகளின் மண் ஆண்டுதோறும் வந்து படிகிறது. 2013 அக்டோபரில் அணைநீர் திறந்துவிடப்பட்டபோது பெர்த்தாம் பள்ளத்தாக்கிலும், 2014 நவம்பரில் ரிங்லெட்டிலும் சேற்றுவெள்ளம் உயிர்களைக் கொண்டுபோயிற்று. 2019 ஜனவரி இடைத்தேர்தலில் கேமரன் மலைத் தொகுதி ரம்லி முகமது நோர் என்பவரை அனுப்பியது. மலேசிய மக்களவையில் அமர்ந்த முதல் ஓராங் அஸ்லி உறுப்பினர் அவர். 'ஆளில்லாக் காடு' என்று எழுதப்பட்ட இடத்திலிருந்து அதன் பழங்குடி ஒருவர் நாடாளுமன்றம் செல்ல, கேமரன் ஏறிய ஆண்டிலிருந்து 134 ஆண்டுகள் ஆயின.

மலையில் தங்கிய தமிழ்க் குடும்பங்கள் சில, காய்கறிக்கும் பூவுக்கும் மாறியுள்ளன. நெகிழிக் கூரையின் கீழ்த் தக்காளியும் செவ்வந்தியும் வளர்க்கின்றனர். அவர்கள் பேச்சில் நிலத்தைப் பற்றிய சொற்கள் மீண்டும் முளைக்கின்றன. அளவு, வாடகை, எல்லைக்கல் ஆகியவை சாப்பாட்டு மேசைக்கு வந்துவிட்டன. ஆனால் அவர்களிற் பலர் கையிலிருந்தது ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டிய தற்காலிக உரிமம். அதற்கு நம்மிடம் வழக்குச்சொல் இல்லை. எல்லா இனத்தாரும் 'டி.ஓ.எல்.' என்றே சொல்கின்றனர். அடுத்த ஆண்டு அது கிடைக்குமா என்பது மாவட்ட நில அலுவலகத்தில்தான் தெரிந்தது.